கீழ்வீட்டில் பேசிய சமாதானம்

கொல்கத்தா சால்ட் லேக்கில் எங்கள் வீட்டின் கீழ்த்தளத்தை ஒரு ஆபீசுக்கு வாடகைக்கு விட்டபோது, அது என்ன ஆபீஸ் என்று எனக்கே சரியாகச் சொல்லத் தெரியவில்லை. அங்கே எதையும் விற்கவில்லை, வாங்கவில்லை. வரிசையில் நிற்கவும் யாரும் வரவில்லை. பெட்டி பெட்டியாகப் புத்தகம் வந்து இறங்கியது. அக்கம்பக்கத்தில் கேட்டால், "படிச்சவா உக்காந்து யோசிக்கிற ஆபீஸ்" என்று சொல்லிவைத்தேன். நான் சமாளிப்பதற்காகச் சொன்ன அதுதான் சரியான பதில் என்று பிறகு தெரிந்தது.

என் கணவர் கார்டன் ரீச்சில் ரயில்வே தலைமை ஆபீசில் இருந்தவர். ஓய்வு பெறுமுன்பே இந்த வீட்டைக் கட்டினார். இதில் அதிக நாள் இருக்க அவருக்குக் கொடுத்துவைக்கவில்லை. மகன் வெளிநாட்டில். மாடியில் நான் ஒருத்திதான். எனக்குப் படிப்பு கிடையாது. தமிழை எழுத்துக் கூட்டிப் படிப்பேன், மெதுவாக எழுதுவேன். வங்காளி காதால் வந்தது. இங்கிலீஷ் வரவே இல்லை. அதற்காக எந்தப் படித்தவர் முன்னாலும் நான் ஒதுங்கி நின்றதில்லை. வீடு என்னுடையது, அடுப்பும் என்னுடையது.

ஆபீசின் டைரக்டர் வங்காளி. வெளிநாட்டுத் தூதரகங்களில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். எனக்கும் அவருக்கும் வயது வித்தியாசம் அதிகம் இருக்காது, ஆனாலும் வந்த அன்றே என்னை மாஷிமா ஆக்கிவிட்டார். சித்தி முறை. இந்த ஊரில் அதற்கெல்லாம் யாரும் கணக்குப் பார்ப்பதில்லை. நாங்கள் பேசிக்கொள்வது வங்காளியில். இங்கே தமிழில் எழுதுகிறேன்.

"நீங்க இங்கே என்னதான் பண்றீங்க?" என்று ஒரு நாள் நேரே கேட்டுவிட்டேன்.

"ரெண்டு நாடு பேசிக்கலைன்னா, அந்த நாட்டு ஆளுங்களைக் கூட்டிட்டு வந்து பேச வைக்கிறோம், மாஷிமா. அரசாங்கத்து ஆளுங்க இல்லை. எங்களை மாதிரி யோசிக்கிறவங்க. அவங்க பேசி ஒரு வழி எழுதிவச்சா, என்னைக்காவது அரசாங்கம் பேச உக்காரும்போது அது உதவும்."

"என்னைக்காவதுன்னா?"

அவர் சிரித்தார்.

அப்படித்தான் இஸ்ரேல்காரர்களும் பாலஸ்தீனக்காரர்களும் எங்கள் வீட்டுக் கீழ்த்தளத்துக்கு வந்தார்கள். கொல்கத்தாவுக்கு ஏன் வரவேண்டும் என்றால், இங்கே அவர்களை யாருக்கும் தெரியாது. ஐரோப்பாவில் எங்கே கூடினாலும் பத்திரிகைக்காரன் வந்துவிடுவானாம். சால்ட் லேக்கில் யார் எட்டிப் பார்க்கப் போகிறார்கள்? குளிர் தொடங்கியதும் வருவார்கள், சில நாள் இருப்பார்கள், போய்விடுவார்கள்.

முதல் தடவை ஹோட்டலிலிருந்து சாப்பாடு வந்தது. ஒரு தரப்பு முறையில் அறுத்த இறைச்சியை இன்னொரு தரப்பு தொடாது, இஸ்ரேல்காரர்கள் முறையில் அறுத்தது இங்கே கிடையாது. இரண்டு தரப்பும் ரொட்டியும் வாழைப்பழமும் தின்றுவிட்டு முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்களாம். டைரக்டர் மாடியேறி வந்து, "மாஷிமா, உங்க வீட்டுல முட்டைகூடக் கிடையாதே, ரெண்டு தரப்பும் சாப்பிடலாமே" என்றார். அதில் ஆசாரம் பார்க்கிற இஸ்ரேல்காரர் ஒருவர் மட்டும் பாத்திரம் புதிதாக இருக்கவேண்டும் என்றாராம். புதுப் பாத்திரம் வாங்கினோம். அன்றிலிருந்து அந்தக் கூட்டத்துக்குச் சமையல் என்னுடையது. சம்பளம் என்ற பேச்சை டைரக்டர் எடுத்தார், நான் எடுக்கவிடவில்லை. வீட்டுக்கு வந்தவர்களுக்குச் சாதம் போடக் கூலி வாங்குகிற வழக்கம் எனக்கில்லை.

கூடமாட இருந்தவள் கீழே வேலை பார்த்த ஒரு பெண். இந்த ஊர் டாக்குரியாப் பக்கம் தலைமுறையாக இருக்கிற தமிழ்க் குடும்பம். வங்காளி அருவியாகக் கொட்டும், தமிழ் கொஞ்சம் தடுமாறும். எனக்கு இங்கிலீஷைத் தமிழாக்கிச் சொல்வது அவள்தான்.

அந்த ஆபீசுக்கு ஒரு விதி உண்டு. உள்ளே பேசியதை வெளியே சொல்லலாம், யார் சொன்னார் என்று சொல்லக்கூடாது. யார் வந்தார் என்பதையும் சொல்லக்கூடாது. போட்டோ கிடையாது. செல்போன்களை என் காய்கறிக் கூடையில் போட்டுவிட்டுத்தான் அறைக்குள் போவார்கள். அச்சடிக்கிற அறிக்கையில் "ஒரு பங்கேற்பாளர்" என்றுதான் இருக்கும். ஊரில் தெரிந்தால் எதிரியோடு உட்கார்ந்து சாப்பிட்டான் என்று வேலை போகும், சிலருக்கு உயிரே போகும். இதையும் நான் டைரக்டரிடம் கேட்டுக்கொண்டுதான் எழுதுகிறேன். அடையாளம் காட்டிவிடக்கூடிய சங்கதிகளை மாற்றச் சொன்னார். மாற்றியிருக்கிறேன்.

வந்தவர்களில் இருவரைத்தான் நான் நெருங்கி அறிந்தேன். ஒருவர் இஸ்ரேல்காரர், வயதானவர். முன்பு பட்டாளத்தில் இருந்து, பிறகு எங்கள் கீழ்வீட்டைப் போன்ற ஓர் ஆபீசில் சேர்ந்தவர். இன்னொருத்தி காஸாவிலிருந்து வந்தவள். நடுவயது, இரண்டு பெண் குழந்தைகளுக்குத் தாய். குடிதண்ணீர் பற்றி ஆராய்ச்சி செய்கிற நிலையத்தில் இருந்தாள். அவள் வெளியே வருவதே பெரும்பாடு. எகிப்து எல்லையில் கதவு எப்போது திறக்கும் என்று காத்துக் கிடக்கவேண்டும். ஒரு வருஷம் கதவு திறக்கவே இல்லை. அந்த முறை அவளுடைய நாற்காலியைக் காலியாகவே போட்டு வைத்திருந்தார் டைரக்டர்.

அவள் கூட்டம் கலைந்ததும் நேரே மாடிக்கு வந்துவிடுவாள். கத்தரிக்காயை எடுத்து வைத்துக்கொண்டு நறுக்க ஆரம்பித்துவிடுவாள். நான் நறுக்குவது பிடிக்காது, பொடியாக நறுக்கிப் பாழாக்குகிறேன் என்று கைஜாடை காட்டுவாள். பெயர் சொல்லிக் கூப்பிட வேண்டாம் என்று இருந்ததால், அவளும் அந்தக் கிழவரும் என்னை மாமி என்றார்கள். நான் அவளை "பொண்ணே" என்றேன். அந்தச் சொல் அவளுக்குப் பழகிவிட்டது.

ஒரு நாள் அவள் கேட்டதை டாக்குரியாப் பெண் சொன்னாள்: "மாமி, உங்களுக்கு எதிரி யாராவது இருக்காளான்னு கேக்கறா."

"இருக்காளே, என் ஓர்ப்படி. ஊர்ல ஒரு வீட்டுக்கு ரெண்டு பேரும் அடிச்சுண்டோம்."

"யார் ஜெயிச்சான்னு கேக்கறா."

"வீடு இடிஞ்சு விழுந்துடுத்துன்னு சொல்லு."

அதைக் கேட்டு அவள் சிரித்த சிரிப்பில் கத்தரிக்காய்த் துண்டுகள் கீழே சிதறின. அந்தக் கிழவர் ரசத்தை டம்ளரில் வாங்கிக் குடிப்பார், திரும்பத் திரும்பக் கேட்பார். அவள் அவர் காது கேட்கவே சொல்வாள்: "மாமி, எங்க கிணத்தையெல்லாம் எடுத்துண்டாச்சு, ரசத்தையாவது எங்களுக்கு மிச்சம் வைக்கச் சொல்லுங்கோ." அவர் டம்ளரைத் தூக்கிக் காட்டி, "இதுக்கு ஒரு ஒப்பந்தம் போட்டுக்கலாம்" என்பார். இப்படி ஒருவரை ஒருவர் குத்திக்கொள்வதை நான் ஓர் உறவாகவே எடுத்துக்கொண்டேன். தப்பில்லை என்று இப்போதும் நினைக்கிறேன்.

ஒரு வருஷம் காலையிலேயே கூட்டம் உடைந்தது. யாரோ ஏதோ சொல்லப்போய், பாலஸ்தீனக்காரர்கள் மொத்தமாக எழுந்துவிட்டார்கள். டாக்குரியாப் பெண் மாடிப்படி ஏறி ஓடிவந்தாள்.

"மாமி, ஷொர்பொனாஷ், சர்வநாசம்! எல்லாரும் கோச்சுண்டு கிளம்பறா. ஹோட்டலுக்குப் போறாளாம்."

"எலை போட்டாச்சேடீ."

"அதைச் சொல்லத்தான் வந்தேன். எடுத்துடுங்கோ."

"போட்ட எலையை எடுக்கறதா? என் ஆத்துல அப்படி நடந்ததில்லை. சாதம் பரிமாறியாச்சு, எழுந்து போனா எனக்கு அவமானம்னு சொல்லு. சாப்பிட்டுட்டு எங்கே வேணாப் போகட்டும், சண்டைக்கே போகட்டும்."

"சாதம் இன்னும் வடிக்கவே இல்லையே, மாமி?"

"நீ போய்ச் சொல்லு. அதுக்குள்ள வடிச்சுடறேன்."

வந்து உட்கார்ந்தார்கள். லேக் மார்க்கெட்டிலிருந்து வாங்கிவந்த வாழை இலை. நீள மேஜையில் ஒரே வரிசை. எங்கள் பந்தி வழக்கத்தை முதல் வருஷமே சொல்லி வைத்திருந்தேன். கடைசி ஆள் சாப்பிட்டு முடிக்கும்வரை யாரும் எழுந்திருக்கக் கூடாது. காஸாக்காரிதான் கடைசி. சாதத்தைப் பருக்கை பருக்கையாக எடுத்துச் சாப்பிட்டாள். அத்தனை பேரும் காய்ந்த கையோடு காத்திருந்தார்கள். சும்மா எத்தனை நேரம் உட்கார்ந்திருப்பது? பக்கத்தில் இருந்த கிழவர் ஏதோ சொன்னார், எதிரில் ஒருவன் பதில் சொன்னான், பேச்சு கிளம்பிவிட்டது. வேண்டுமென்றே மெதுவாகச் சாப்பிட்டதாக அவள் பிறகு என்னிடம் ஒப்புக்கொண்டாள்.

அன்று மாலை அவர்கள் ஒரு விஷயத்தில் ஒத்துப்போனார்கள். காஸாவுக்கு நல்ல தண்ணீர் கொண்டுபோக ஒரு குழாய். எந்த வழியாக, யார் பொறுப்பில், உடைந்தால் யார் சரிசெய்வது, எல்லாம் எழுதினார்கள். அங்கே ஊற்றுத் தண்ணீரில் கடல் கலந்துவிட்டது, குழந்தைக்குக் கொடுக்க முடியாது என்று அவள் சொல்லியிருக்கிறாள். "நாடு, எல்லை எல்லாம் பெரியவா பாத்துக்கட்டும், மாமி. என் ஆயுசுல அந்த ஒரு குழாய் வந்தாப் போறும்" என்றாள்.

எனக்குப் பெருமை பிடிபடவில்லை. என் வீட்டுச் சாப்பாட்டு மேஜையில் உண்டான குழாய்! மகனிடம் போனில்கூட வாயைத் திறக்கவில்லை, விதி இருக்கிறதே. ஆனால் மனதுக்குள் அந்தக் குழாயை நான் பதித்தே முடித்துவிட்டேன்.

அறிக்கை அச்சாயிற்று. அந்த அரசாங்கத்துக்கும் இந்த அரசாங்கத்துக்கும், இன்னும் பெரிய நாடுகளுக்கும் போயிற்று. எல்லோரும் பாராட்டினார்களாம். அடுத்த குளிரில் வந்தவர்கள், முதல் அறிக்கை ஏன் நடக்கவில்லை என்று இரண்டாவது அறிக்கை எழுதினார்கள். அதற்கடுத்த குளிரில் அதையே கொஞ்சம் சின்னதாக எழுதினார்கள். "குழாய் எங்கே வரைக்கும் வந்திருக்கு?" என்று ஒவ்வொரு வருஷமும் கேட்பேன். "மேஜை வரைக்கும்" என்பாள் அவள். பிறகு நான் கேட்பதை விட்டுவிட்டேன்.

துர்கா பூஜைப் பந்தலுக்கு மூங்கில் கட்டிக்கொண்டிருந்த சமயம் அந்தச் செய்தி வந்தது. முதலில் காஸாவிலிருந்து ஆயுதத்தோடு போனவர்கள் இஸ்ரேல்காரர்களை வீடு புகுந்து கொன்றதும் பிடித்துக்கொண்டு போனதும் டிவியில் ஓடியது. கிழவரின் அண்ணன் வீட்டுப் பெண் ஒருத்தி அன்று கொல்லப்பட்டாளாம், டைரக்டர் சொன்னார். பிறகு காஸா மேல் குண்டு விழத் தொடங்கி, நிற்கவே இல்லை. தெருவில் தாக் மேளம் முழங்குகிறது, பிள்ளைகள் புதுச் சட்டை போட்டுக்கொண்டு போகிறார்கள். நான் டிவியில் இடிந்த கட்டடங்களுக்கு நடுவே பெண்களின் முகங்களைப் பார்த்துக்கொண்டிருந்தேன். எல்லா முகமும் அவள் முகமாகத்தான் தெரிந்தது.

டைரக்டரைப் பிடித்தேன். "அவ இருக்காளா இல்லையா, கேட்டுச் சொல்லுங்க."

"எப்படிக் கேக்கிறது, மாஷிமா? நான் பெயரைச் சொல்லி யாரைக் கேட்டாலும், உனக்கு அவளை எப்படித் தெரியும்னு கேள்வி வரும். உயிரோட இருந்தா அந்தக் கேள்வியே அவளுக்கு ஆபத்து."

"ஐ.நா. ஆளுங்க, டாக்டருங்க, அத்தனை பேரை உங்களுக்குத் தெரியுமே?"

"தெரியும். அதனாலதான் பயப்படறேன்."

எனக்குக் கோபமாக வந்தது. எல்லோரையும் பேச வைக்கிற மனிதர் ஒரு பெயரைச் சொல்லப் பயப்படுகிறாரே என்று இருந்தது. ஆனால் அவர் சொன்னதில் பிழை எதையும் என்னால் கண்டுபிடிக்க முடியவில்லை.

அந்தக் குளிர்காலம் கூட்டம் நடக்கவில்லை. அடுத்த குளிரில் நடந்தது. போர் முடிந்த பிறகு காஸாவை யார் நடத்துவது என்பது பேச்சு. வந்தவர்களில் பெரும்பாலோர் புதியவர்கள். பாலஸ்தீனக்காரர்களில் காஸாவில் குடியிருப்பவர் ஒருவரும் இல்லை, யாரும் வெளியே வர முடியாது. வெளிநாடுகளில் இருப்பவர்களாகப் பார்த்துக் கூப்பிட்டிருந்தார்கள். பழைய முகம் கிழவர் ஒருவர்தான். தோள் ஒடுங்கிப்போயிருந்தது.

இரண்டாம் நாள் காலை, எல்லோரும் அறைக்குள் போன பிறகு, அவர் டாக்குரியாப் பெண்ணையும் அழைத்துக்கொண்டு மாடியேறி வந்தார். நான் பருப்பு வேகவைத்துக்கொண்டிருந்தேன். நிலைப்படியிலேயே நின்றார். உட்காரச் சொன்னேன், உட்காரவில்லை. இங்கிலீஷில் நிதானமாகச் சொல்லிவிட்டு அந்தப் பெண்ணைப் பார்த்தார். அவளுக்குத் தமிழ் வரவில்லை. வங்காளியில் தொடங்கி, நிறுத்தி, மறுபடி தொடங்கினாள்.

"மாமி, அவ இல்லை. போன வருஷமே இல்லையாம்."

"குண்டா?"

"இல்லை மாமி. தண்ணி. கூடாரத்துல இருந்திருக்கா. கெட்ட தண்ணியைக் குடிச்சுக் காமாலை வந்திருக்கு. மருந்து கிடைக்கலை. அவ தங்கை எகிப்துக்கு வந்துட்டா, அவளை எப்படியோ தேடிப் பிடிச்சு இவர் கேட்டிருக்கார். ரெண்டு பொண்களும் இன்னும் உள்ளேதான் இருக்கா, அப்பா வழி மனுஷாளோட."

கிழவர் இன்னும் ஏதோ சொன்னார். அது என்னவென்று நான் கேட்கவில்லை. அவள் செத்தது தண்ணீரால் என்பதற்கு மேல் எனக்கு ஒன்றும் தேவைப்படவில்லை. "இவ்வளவு வருஷம் பேசினேளே, ஏதாவது பிரயோஜனம் உண்டான்னு அவரைக் கேளு" என்றேன். கேட்டாள். அவர் தலையை ஆட்டினார், இல்லை என்று. பிறகு, "வேற என்ன பண்றதுன்னும் தெரியலையாம்" என்றாள் அவள்.

நான் அடுப்பை அணைத்தேன். குளியலறைக்குப் போய்ப் பச்சைத் தண்ணீரைத் தலையில் கொட்டிக்கொண்டேன். எங்களில் சாவுச் செய்தி காதில் விழுந்தால் குளித்தாகவேண்டும். உறவுக்குத்தான் அது, மற்றவர்களுக்கு இல்லை. எனக்கு அவள் என்ன உறவு என்று நான் யோசிக்கவில்லை. சொம்பு சொம்பாக ஊற்றிக்கொண்டேன். பௌஷ மாதம், நம் மார்கழிக் குளிர், பல் கிட்டியது. எத்தனை நேரம் அங்கே நின்றேன் என்று தெரியாது. தண்ணீர் மட்டும் வந்துகொண்டே இருந்தது.

ஈரத் தலையோடு வெளியே வந்தபோது டைரக்டர் கூடத்தில் நின்றிருந்தார். அவருக்கு அந்தப் பெண் சொல்லியிருந்தாள். கண் சிவந்திருந்தது. இருந்தும் அவர் சொன்னது இதுதான்:

"மாஷிமா, இது இந்த மாடியை விட்டு இறங்கக் கூடாது."

"செத்தவளுக்கு இனிமேல் என்ன ஆபத்து?"

"பொண்ணுங்க உள்ளே இருக்காங்க. அம்மா யாரோட உக்காந்து பேசினான்னு தெரிஞ்சா, அவங்களை யார் என்ன பண்ணுவாங்கன்னு எனக்குத் தெரியாது. கீழே இருக்கிறவங்களை எனக்கு முன்ன பின்ன தெரியாது. யாரையும் நம்ப முடியலை."

"ஒரு நிமிஷம் எழுந்து நிக்கக்கூடாதா? பெயர் சொல்ல வேண்டாம், சும்மா நிக்கட்டுமே?"

"யாருக்காகன்னு கேப்பாங்களே."

கீழே சாப்பாட்டு நேரம் தாண்டியிருந்தது. வெறும் இலைக்கு முன்னால் அவர்கள் உட்கார்ந்திருந்தார்கள். இந்த அத்தனை வருஷங்களில் என் சாதம் ஒரு நாளும் தாமதமானதில்லை. அதுதான் என் கர்வம். ரயில்வேக்காரர் வீடு, நேரம் தவறாது என்று டைரக்டரே வருகிறவர்களிடம் சொல்லிச் சிரிப்பார்.

நான் மறுபடி அடுப்பை மூட்டினேன். வந்தவர்கள் சாப்பிட்டாக வேண்டும். பருப்பு பாதியில் நின்றதால் சரியாக மசியவில்லை. ரசம் வைத்தேன், யாருக்காக என்று தெரியாமல் எப்போதும் வைக்கிற அளவே வைத்தேன். டாக்குரியாப் பெண் மூக்கை உறிஞ்சிக்கொண்டே அப்பளம் பொரித்தாள். நான் அவளை முகம் கழுவிவிட்டு வரச் சொன்னேன்.

கீழே கொண்டுபோய்ப் பரிமாறும்போது, புதிதாக வந்திருந்த பாலஸ்தீனக்காரர் ஒருவர் என் ஈரத் தலையைப் பார்த்துவிட்டு மரியாதையாக எழுந்து நின்று ஏதோ கேட்டார்.

"உங்களுக்கு உடம்புக்கு ஒண்ணும் இல்லையேன்னு கேக்கறார், மாமி. சமையல்ல ஏதாவது சிரமமான்னு கேக்கறார்."

கிழவர் தன் இலையையே பார்த்துக்கொண்டிருந்தார். டைரக்டர் என்னைப் பார்த்தார். அந்த மேஜையில் அவளைத் தெரிந்தவர்கள் நாங்கள் நாலு பேர்தான். நாலு பேரில் ஒருவர் வாய் திறந்தால் போதும்.

"கேஸ் தீர்ந்துபோச்சுன்னு சொல்லு" என்றேன்.

அவள் சொன்னாள். வந்தவர்கள் பரிவோடு தலையசைத்தார்கள். எந்த வீட்டிலும் நடப்பதுதான் என்று ஒருவர் சொன்னாராம். சாப்பிட்டு, கடைசி ஆள் முடிக்கும்வரை காத்திருந்து, கை கழுவிக்கொண்டு அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார்கள். நான் இலைகளை எடுத்தேன். மாமி வீட்டில் அன்று கேஸ் தீர்ந்துபோனதால் சாப்பாடு தாமதம். அவளைப் பற்றி அந்த மேஜைக்கு வந்து சேர்ந்த செய்தி அவ்வளவுதான்.